நிற்கும் இடத்தில் மின்சாரம்: உல்லாஸ்நகரும் மகாராஷ்டிரத்தின் மின்சார வண்டிகளும்

மின்சாரத்தால் ஓடும் வண்டி மும்பைப் பகுதி மக்களுக்குப் புதிதன்று. அந்நாளைய பம்பாய் நகரின் வீதிகளில் 1907ஆம் ஆண்டு மே மாதத்திலேயே மின்சார டிராம் ஓடத் தொடங்கியது. 1925ஆம் ஆண்டு பிப்ரவரி 3ஆம் நாள், விக்டோரியா டெர்மினஸ் நிலையத்திலிருந்து குர்லா வரை இந்தியாவின் முதல் மின்சார ரயில் ஓடிற்று. அதன் பின் சில ஆண்டுகளுக்குள் கல்யாணைக் கடந்து, மேற்குத் தொடர்ச்சி மலையின் ஏற்றங்களையும் தாண்டி, ஒரு புறம் புனா வரையிலும் மறு புறம் இகத்புரி வரையிலும் ரயில் பாதைக்கு மின்சாரம் எட்டியது. இதற்கெனவே கல்யாணுக்கு அருகில் தாகுர்லியில் ரயில்வே ஒரு மின்சார நிலையத்தை அமைத்திருந்தது. 1962 முதல் 1971 வரை பம்பாயில் டிராலி பஸ்களும் ஓடின. டிராம் வண்டி 1964 மார்ச்சு 31ஆம் நாளோடு விடைபெற்றது. மின்சார ரயிலோ இன்றளவும் அந்நகரின் உயிர்நாடியாக விளங்குகிறது.

இவை யாவும் ஓடும்போதே மின்சாரம் பெறும் வண்டிகள். தலைக்கு மேல் செல்லும் கம்பியிலிருந்து இவை மின்சாரத்தை எடுத்துக்கொள்கின்றன. கம்பி செல்லும் வழியே வண்டியும் செல்லும். கம்பியை அமைத்துப் பராமரிப்பது கம்பெனியின் பொறுப்பு. பயணிக்கு அதைப் பற்றிய கவலை ஏதுமில்லை.

இன்று சாலைகளில் பெருகிவரும் மின்சார ஸ்கூட்டரும், ஆட்டோரிக்ஷாவும், காரும், பஸ்ஸும் வேறு வகையைச் சேர்ந்தவை. இவை தமக்கு வேண்டிய மின்சாரத்தைப் பாட்டரியில் சேமித்து உடன் எடுத்துச் செல்கின்றன. நிற்கும்போது மின்சாரம் பெற்று, ஓடும்போது செலவிடுகின்றன. இந்த ஒரு வேறுபாட்டிலிருந்தே இவ்வண்டிகளைப் பற்றிய முக்கியமான கேள்வி பிறக்கிறது. வண்டி எங்கே ஓடுகிறது என்பதைவிட எங்கே நிற்கிறது என்பதே இங்குப் பெரிது. சொந்த நிறுத்துமிடம் உள்ளவருக்கு இது ஒரு பிரச்சினையே அன்று. நிறுத்துமிடம் இல்லாதவர் என்ன செய்வார்? இக்கேள்வியை ஆராய்வதற்கு மகாராஷ்டிரத்தின் உல்லாஸ்நகர் மிகவும் ஏற்ற இடமாகும்.

நெருங்கி வாழும் நகரம்

மும்பைக்கு வடகிழக்கே, தாணா மாவட்டத்தில், கல்யாணுக்கு அடுத்து அமைந்துள்ளது உல்லாஸ்நகர். இரண்டாம் உலகப் போரின்போது இங்கு ஓர் இராணுவ முகாம் இருந்தது. 1947இல் நாடு பிரிந்தபோது சிந்து மாகாணத்திலிருந்து வந்த அகதிகள் இம்முகாமின் பாரக்குகளில் குடியேற்றப்பட்டனர். 1949 ஆகஸ்டு 8ஆம் நாள் அந்நாளைய கவர்னர் ஜெனரல் ராஜாஜி இக்குடியிருப்புக்கு உல்லாஸ்நகர் என்று பெயர் சூட்டினார். முகாம்களின் எண்களே இன்றும் அதன் பகுதிகளுக்குப் பெயர்களாக நிலைத்திருக்கின்றன. சிறு தொழில்களாலும் தையல் தொழிலாலும் மரச்சாமான் வியாபாரத்தாலும் இந்நகரம் வளர்ந்தது.

2011ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி இந்நகரின் மக்கள் தொகை 5,06,098. பரப்போ ஏறத்தாழ 13 சதுர கிலோமீட்டர்தான். அதாவது ஒரு சதுர கிலோமீட்டருக்குச் சுமார் 38,000 மக்கள் வாழ்கின்றனர். பாரக்குகள் இருந்த சிறு மனைகளில் பல மாடிக் கட்டடங்கள் எழுந்தன. அனுமதியின்றி எழுந்த கட்டடங்களை ஒழுங்குபடுத்துவதற்கென்றே 2006ஆம் ஆண்டில் தனிச் சட்டம் ஒன்று இயற்ற நேர்ந்தது. இத்தகைய கட்டடங்கள் பலவற்றில் வண்டி நிறுத்த இடம் ஒதுக்கப்படவில்லை. சந்திலும், கடை வாயிலிலும், மாடிப்படியின் கீழும் வண்டிகள் நிற்கின்றன. தாராவியின் குறுகிய தெருக்களையும், மாதுங்கா, செம்பூர் பகுதிகளின் பழைய கட்டடங்களையும் அறிந்த தமிழ் வாசகர்களுக்கு இக்காட்சியை விவரிக்க வேண்டுவதில்லை.

இத்தகைய நகரத்தில் அன்றாடம் பயன்படுபவை ஸ்கூட்டரும் ஆட்டோரிக்ஷாவும் சரக்கேற்றும் மூன்று சக்கர வண்டியுமே. தையல் துணியைச் சுமப்பதும், பிள்ளைகளைப் பள்ளிக்குக் கொண்டு செல்வதும், ரயில் நிலையத்துக்கு ஆட்களை ஏற்றிச் செல்வதும் இவையே. மின்சாரத்துக்கு மாறுவதால் அன்றாடச் செலவு குறைந்து நன்மை பெறக்கூடியவர்களும் இவற்றின் உரிமையாளர்களே.

சட்டதிட்டங்கள்

மின்சார வண்டிகளை ஊக்குவிக்க மத்திய அரசாங்கம் 2015 ஏப்ரலில் ஃபேம் என்னும் திட்டத்தைத் தொடங்கியது. அதன் இரண்டாம் கட்டம் 2019 ஏப்ரல் முதல் 2024 மார்ச்சு வரை நடைபெற்றது. 2024 அக்டோபரில் பிரதம மந்திரி இ-டிரைவ் திட்டம் 10,900 கோடி ரூபாய் ஒதுக்கீட்டுடன் தொடங்கியது. அதில் 2,000 கோடி ரூபாய் பொது மின்னேற்று நிலையங்களுக்கென ஒதுக்கப்பட்டது. இத்தொகையைக் கொண்டு அமைக்கத் திட்டமிடப்பட்ட 72,300 மின்னேற்றிகளில் 48,400 இரு சக்கர, மூன்று சக்கர வண்டிகளுக்கானவை என்பது கவனிக்கத்தக்கது.

மகாராஷ்டிர அரசாங்கம் தனது முதல் மின்சார வண்டிக் கொள்கையை 2018இல் வகுத்தது. 2021 ஜூலையில் வெளியான இரண்டாம் கொள்கை, 2025ஆம் ஆண்டுக்குள் புதிதாகப் பதிவாகும் வண்டிகளில் 10 சதவீதம் பாட்டரி வண்டிகளாக இருக்க வேண்டும் என்று இலக்கு நிர்ணயித்தது. பெரிய மும்பைக்கு 1,500, புனாவுக்கு 500, நாகபுரிக்கு 150, நாசிக்குக்கு 100 என்று ஏழு நகரங்களில் 2,375 மின்னேற்று நிலையங்கள் அமையவேண்டும் என்றும் அது கூறிற்று. 2025 ஏப்ரலில் ஏற்கப்பட்ட மூன்றாம் கொள்கை 2030 வரைக்குமானது. அதன்படி அடல் சேது முதலிய பெருவழிகளில் மின்சார வண்டிகளுக்குச் சுங்க விலக்கும் கிடைத்தது.

பஸ் போக்குவரத்திலும் இம்மாற்றம் நிகழ்ந்துள்ளது. மகாராஷ்டிர அரசுப் போக்குவரத்தின் முதல் பஸ் 1948 ஜூன் 1ஆம் நாள் புனாவுக்கும் அகமதுநகருக்கும் இடையே ஓடிற்று. அதே வழியில், அதே நாளில், 2022ஆம் ஆண்டு அதன் முதல் மின்சார பஸ்ஸும் ஓடிற்று. பஸ்ஸுக்கு ஒரு வசதி உண்டு. இரவில் அது டிப்போவுக்குத் திரும்புகிறது. டிப்போவில் இடமும் உண்டு, உயர் அழுத்த மின் இணைப்பும் உண்டு, கவனிக்கப் பொறியாளரும் உண்டு. எனவே பஸ் நிற்கும் இடத்தைப் பற்றிய கேள்விக்கு விடை எளிதில் கிடைத்துவிடுகிறது.

பொது மின்னேற்று நிலையங்களின் தொகையும் பெருகியுள்ளது. 2024 பிப்ரவரித் தொடக்கத்தில் நாடு முழுவதும் 12,146 நிலையங்கள் இருந்தன. அவற்றுள் 3,079 மகாராஷ்டிரத்தைச் சேர்ந்தவை. அப்போது அதுவே முதலிடம். அவ்வாண்டின் முடிவில் நாட்டின் மொத்தம் 25,202 ஆயிற்று. மகாராஷ்டிரத்தின் தொகை 3,728ஐ எட்டியது. எனினும் 5,765 நிலையங்களுடன் கர்நாடகம் முன்னே சென்றுவிட்டது.

இவ்வெண்களை மட்டும் கொண்டு முடிவுக்கு வருதல் பொருந்தாது. 2018 டிசம்பரில் மத்திய மின்சார அமைச்சகம் வெளியிட்ட வழிகாட்டு விதிகள், நகரங்களில் 3 கிலோமீட்டருக்கு 3 கிலோமீட்டர் கொண்ட ஒவ்வொரு கட்டத்திலும் குறைந்தது ஒரு நிலையம் அமையவேண்டும் என்றன. ஒரு கட்டத்தின் பரப்பு 9 சதுர கிலோமீட்டர். 13 சதுர கிலோமீட்டர் கொண்ட உல்லாஸ்நகருக்கு இவ்விதிப்படி இரண்டு நிலையங்கள் போதும்! பின்னர் 2024இல் கட்டத்தின் அளவு 1 கிலோமீட்டருக்கு 1 கிலோமீட்டர் எனச் சுருக்கப்பட்டது. அப்படிப் பார்த்தாலும் பதின்மூன்று அல்லது பதினான்கு நிலையங்களே ஆகும். ஐந்து லட்சம் மக்களின் வண்டிகளுக்கு இவை எம்மாத்திரம்? பரப்பை அளந்து வகுத்த விதி, நெடுஞ்சாலைக்கும் விரிந்து பரந்த நகருக்கும் பொருந்தும். நெருங்கி வாழும் நகரில் பரப்பை அளந்தால் போதாது. நிற்கும் வண்டிகளை எண்ண வேண்டும்.

ஒரு ஸ்கூட்டருக்கு எவ்வளவு மின்சாரம்?

இவ்விடத்தில் சிறிது கணக்கு அவசியமாகிறது. வகுப்பறையில் மாணவர்களைக் கொண்டே இதைச் செய்யச் சொல்லலாம்.

சாதாரண மின்சார ஸ்கூட்டர் ஒன்று ஒரு கிலோமீட்டர் ஓட ஏறக்குறைய 30 வாட்-மணி மின்சாரம் செலவாகிறது. நாளொன்றுக்கு 30 கிலோமீட்டர் ஓடினால் 900 வாட்-மணி, அதாவது 0.9 யூனிட். மின்னேற்றும்போது ஒரு பகுதி வெப்பமாக வீணாவதால், மீட்டரில் ஏறத்தாழ 1 யூனிட் பதிவாகும். இதே தூரத்துக்கு, லிட்டருக்கு 45 கிலோமீட்டர் ஓடும் பெட்ரோல் ஸ்கூட்டருக்கு மூன்றில் இரண்டு பங்கு லிட்டர் பெட்ரோல் வேண்டும். யூனிட்டின் விலை 10 ரூபாய் என்றும் பெட்ரோல் லிட்டர் 100 ரூபாய் என்றும் கணக்குக்காக வைத்துக்கொண்டால், ஒன்றுக்கு 10 ரூபாயும் மற்றொன்றுக்கு 67 ரூபாயும் ஆகின்றன.

காற்று மாசையும் இவ்வாறே கணக்கிடலாம். நம் நாட்டில் பெரும்பாலும் நிலக்கரியிலிருந்தே மின்சாரம் கிடைப்பதால், ஒரு யூனிட்டுக்குச் சராசரியாக 0.7 கிலோகிராம் அளவில் கரியமில வாயு வெளியாகிறது. ஒரு லிட்டர் பெட்ரோல் எரிந்தால் 2.3 கிலோகிராம் வெளியாகிறது. ஆகவே 30 கிலோமீட்டருக்கு மின்சார ஸ்கூட்டரின் கணக்கில் 0.7 கிலோகிராமும், பெட்ரோல் ஸ்கூட்டரின் கணக்கில் 1.5 கிலோகிராமும் சேர்கின்றன. ஏறத்தாழப் பாதி குறைகிறது. சூரிய ஒளியாலும் காற்றாலும் கிடைக்கும் மின்சாரத்தின் பங்கு உயர உயர இது மேலும் குறையும். அன்றியும் சந்துகளுக்குள் புகை சூழ்வதும் நின்றுபோகும்.

இந்தச் சேமிப்பு எல்லாருக்கும் ஒரே அளவில் கிட்டுவதில்லை. தம் வீட்டு மீட்டரிலிருந்து மின்னேற்றுபவர் வீட்டுக் கட்டண விகிதத்தில் செலுத்துகிறார். நிறுத்துமிடம் இல்லாதவரோ பொது நிலையத்துக்குச் சென்று, நிலையத்தாரின் லாபமும் சேர்ந்த கட்டணத்தைச் செலுத்தி, காத்திருக்கவும் வேண்டியிருக்கிறது. நாள் கூலி போன்ற வருமானம் உடைய ஆட்டோ ஓட்டுநருக்குக் காத்திருக்கும் ஒரு மணி நேரமும் நஷ்டமே. வசதி உள்ளவருக்கு மலிவாகவும் இல்லாதவருக்கு விலை மிகுந்தும் அமைவதானால், பெட்ரோலை விட்டு மாறும் வேகம் சிறிய வீடுகளின் வாயிலில் வந்து நின்றுவிடும்.

மாலை எட்டு மணிக்கு நேர்வது

மின்னேற்றுவதில் இரண்டு அளவுகளை வேறு பிரித்து அறிய வேண்டும். ஒன்று, மொத்தம் எத்தனை யூனிட் என்பது. மற்றொன்று, ஒரே சமயத்தில் எத்தனை கிலோவாட் என்பது. குடத்தின் கொள்ளளவுக்கும் குழாயில் நீர் பாயும் வேகத்துக்கும் உள்ள வேறுபாடே இவ்விரண்டுக்கும் உள்ளது.

ஒரு தெருவில் 100 மின்சார ஸ்கூட்டர்கள் இருப்பதாகக் கொள்வோம். ஒவ்வொன்றின் மின்னேற்றியும் 800 வாட் இழுக்கும். அனைவரும் வேலை முடிந்து வந்து இரவு 8 மணிக்கு ஒரே நேரத்தில் இணைத்தால் சுமை 80 கிலோவாட். அது ஒன்றே கால் மணி நேரம் நீடிக்கும். அந்தத் தெருவின் டிரான்ஸ்பார்மர் 200 கிலோவாட் அளவு தாங்குவதாகவும், மே மாத இரவில் மின்விசிறிகளும் குளிர்சாதனங்களும் சேர்ந்து அதில் 150 கிலோவாட் ஏற்கெனவே செலவாவதாகவும் கொண்டால், மொத்தச் சுமை 230 கிலோவாட் ஆகிவிடும். டிரான்ஸ்பார்மர் சூடேறும், ஃப்யூஸ் போகும், தெருவே இருளில் மூழ்கும்.

அதே 100 ஸ்கூட்டர்களுக்கு வேண்டிய அதே 100 யூனிட்டை, இரவு 11 மணி முதல் காலை 7 மணி வரை எட்டு மணி நேரத்தில் பங்கிட்டுக் கொடுத்தால் சராசரிச் சுமை 12.5 கிலோவாட் மட்டுமே. டிரான்ஸ்பார்மரை மாற்ற வேண்டுவதில்லை, கம்பியையும் மாற்ற வேண்டுவதில்லை. மாறுவது நேரம் ஒன்றுதான். இதற்காகவே நேரத்துக்கு ஏற்ற கட்டண முறை வகுக்கப்பட்டுள்ளது. 2023இல் திருத்தப்பட்ட மின் நுகர்வோர் உரிமை விதிகள், சூரிய ஒளி மின்சாரம் மிகுந்திருக்கும் பகல் வேளையில் கட்டணம் குறைந்தது 20 சதவீதம் தாழ்ந்திருக்க வேண்டும் என்று கூறுகின்றன. பகலில் தொழிற்கூட வாயிலில் நிற்கும் வண்டிக்கு இது பெரிதும் நன்மை தருவது.

விரைவு மின்னேற்றியோடு இதை ஒப்பிட்டுப் பார்க்கலாம். காருக்கான 60 கிலோவாட் விரைவு மின்னேற்றி ஒன்று, 75 ஸ்கூட்டர்கள் ஒரே சமயத்தில் இழுக்கும் மின்சாரத்தைத் தனியாக இழுக்கிறது. நெடுஞ்சாலையில் செல்லும் காருக்கு அது இன்றியமையாதது. சந்தில் நாளுக்கு 22 மணி நேரம் சும்மா நிற்கும் ஸ்கூட்டருக்கு அவ்வேகம் வேண்டியதில்லை. நிற்கும் இடத்திலேயே ஒரு சிறிய, நம்பத்தக்க இணைப்பு அதற்குப் போதும்.

இதனை உணர்ந்தே நம் நாட்டு விஞ்ஞானிகளும் தரநிர்ணய அதிகாரிகளும் இலகு வண்டிகளுக்கென எளிய மின்னேற்று முனை ஒன்றை வகுத்துள்ளனர். 3 கிலோவாட் வரை வழங்கக்கூடிய இச்சாதனத்தை 3,500 ரூபாய்க்குள் செய்து தரவேண்டும் என்பது 2021இல் வகுத்த நோக்கம். அவ்வாண்டிலேயே ஐ.எஸ். 17017 வரிசையில் இதற்கான இந்தியத் தரமும் வெளியாயிற்று. தெரு விளக்குக் கம்பத்தருகே, கடையின் சுவரில், சங்கக் கட்டடத்தின் முற்றத்தில் இதைப் பொருத்தலாம். இதற்கு உரிமம் தேவையில்லை. மின்னேற்றித் தருவது ஒரு சேவையே அன்றி மின்சார விற்பனை ஆகாது என்றும், ஆதலால் 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் கீழ் இதற்கு உரிமம் வேண்டியதில்லை என்றும் 2018 ஏப்ரலிலேயே மத்திய மின்சார அமைச்சகம் தெளிவுபடுத்தியுள்ளது. சிறு கடைக்காரரும் இத்தொழிலை மேற்கொள்ள வழி திறந்திருக்கிறது.

சூடேறும் சாக்கெட்

வழி இல்லாத இடத்தில் மக்கள் தாமே ஒரு வழி கண்டுகொள்கின்றனர். மூன்றாம் மாடி ஜன்னலிலிருந்து நீண்ட ஒயரைத் தொங்கவிட்டுக் கீழே நிற்கும் வண்டியில் இணைப்பதுண்டு. பாட்டரியைக் கழற்றி வீட்டுக்குள் கொண்டுவந்து, படுக்கும் அறையிலேயே இரவு முழுவதும் மின்னேற்றுவதும் உண்டு. 2022 செப்டம்பரில் மும்பைக்கு வடக்கேயுள்ள வசாயில் ஒரு வீட்டினுள் மின்னேற்றப்பட்டுக்கொண்டிருந்த ஸ்கூட்டர் பாட்டரி வெடித்தது. ஏழு வயதுச் சிறுவன் ஒருவன் தீக்காயங்களால் உயிரிழந்தான். நிறுத்துமிடம் என்பது வெறும் வசதியைப் பற்றிய விஷயம் அன்று என்பதற்கு இதற்கு மேலும் சான்று வேண்டியதில்லை.

ஆபத்து இரண்டு இடங்களில் இருக்கிறது. ஒன்று பாட்டரி. லிதியம் பாட்டரியின் ஓர் அறை அளவுக்கு மீறிச் சூடேறினால், அதனுள் நிகழும் இரசாயன மாற்றமே மேலும் வெப்பத்தை உண்டாக்கும். அவ்வெப்பம் அடுத்த அறைக்குத் தாவும். இவ்வாறு தொடர்ந்து சென்று தீப்பற்றும். இரும்பு பாஸ்பேட் வகைப் பாட்டரி, நிக்கல் கலந்த வகையைவிட இவ்வகையில் வெப்பத்தைக் கூடுதலாகத் தாங்கும். 2022இல் நாட்டின் பல இடங்களில் ஸ்கூட்டர்கள் தீப்பற்றியதை அடுத்து ஏ.ஐ.எஸ். 156 என்னும் பாதுகாப்புத் தரம் கடுமையாக்கப்பட்டு, அவ்வாண்டு டிசம்பர் 1 முதலும் 2023 மார்ச்சு 31 முதலும் இரு கட்டங்களாக நடைமுறைக்கு வந்தது. பழைய பாட்டரிகளும், தரச்சான்று இல்லாமல் சேர்த்துக் கட்டிய பாட்டரிகளும் இப்பாதுகாப்பின் வெளியே நிற்கின்றன.

மற்றோர் ஆபத்து சாக்கெட்டிலும் ஒயரிலும் உள்ளது. மின்னோட்டத்தின் வர்க்கத்தை மின்தடையால் பெருக்கினால் வெப்பத்தின் அளவு கிடைக்கும் என்பது பள்ளிப் பாடம். தளர்ந்த சாக்கெட் ஒன்றில் அரை ஓம் தடை இருப்பதாகக் கொள்வோம். 800 வாட் மின்னேற்றியின் 3.5 ஆம்பியர் மின்னோட்டம் அதில் 6 வாட் வெப்பத்தை உண்டாக்கும். 3.3 கிலோவாட் மின்னேற்றியில் மின்னோட்டம் 14 ஆம்பியருக்குச் சற்று மேல். அப்போது வெப்பம் 100 வாட்டை எட்டும். மின்னோட்டம் நான்கு மடங்கானால் வெப்பம் பதினாறு மடங்காகிறது. எரியும் நூறு வாட் பல்பு ஒன்றைப் பிளாஸ்டிக் பெட்டிக்குள் அடைத்து வைத்தது போலாகும். சில மணி நேரத்தில் பிளாஸ்டிக் உருகும். அதன் அருகே தொங்கும் துணி பற்றிக்கொள்ளும்.

மழைக்காலத்தையும் மறத்தலாகாது. 2005 ஜூலை 26ஆம் நாள் மும்பை சாந்தாகுரூசில் 24 மணி நேரத்தில் 944 மில்லிமீட்டர் மழை பெய்தது. 2019 ஜூலை 27ஆம் நாள் உல்லாஸ் ஆறு பெருகியபோது, பத்லாபூர் அருகே மகாலட்சுமி எக்ஸ்பிரஸ் ஆயிரத்துக்கு மேற்பட்ட பயணிகளுடன் வெள்ளத்தில் நின்றுவிட்டது. உல்லாஸ்நகரின் ஊடே ஓடும் வால்துனி ஆறும் மழையில் கரை மீறுவது வழக்கமே. தாழ்ந்த பகுதிகளில் மின்னேற்று முனையை, ஊரார் அறிந்த வெள்ள மட்டத்துக்கு மேலே பொருத்த வேண்டும். நீரில் மூழ்கிய பாட்டரியைச் சோதித்துப் பார்க்காமல் மின்னேற்றுதல் ஆகாது.

பாட்டரியை மாற்றிக்கொள்ளும் முறை

நிற்க இடமும் இல்லை, நிற்க நேரமும் இல்லை என்னும் வண்டிகளுக்கு வேறொரு முறை உண்டு. தீர்ந்த பாட்டரியைக் கொடுத்து, மின்னேற்றிய பாட்டரியைப் பெற்றுச் செல்வதே அது. சில நிமிடங்களில் வேலை முடியும். பாட்டரி இல்லாமலே வண்டியை விற்கவும் பதிவு செய்யவும் 2020 ஆகஸ்டில் மத்திய அரசாங்கம் இசைவளித்தது. பாட்டரி மாற்று நிலையங்களுக்கான வழிகாட்டு விதிகள் 2025 ஜனவரியில் வெளியாயின. ஆட்டோ ஓட்டுநர்களுக்கும் பொருள்களை வீடு சேர்ப்பவர்களுக்கும் இம்முறை பொருத்தமானது. மின்னேற்றம் வீட்டை விட்டு அகன்று, கண்காணிப்புள்ள இடத்தில் நிகழ்வதால் பாதுகாப்பும் கூடுகிறது. எனினும் ஒரு கம்பெனியின் பாட்டரி மற்றொரு கம்பெனியின் வண்டியில் பொருந்தாத நிலை இருக்கும்வரை, இதன் முழுப்பயனும் கிட்டாது.

களத்திலும் வகுப்பிலும் செய்யத்தக்கவை

களப் பணியாளர்கள் முதலில் செய்ய வேண்டியது ஓர் எளிய கணக்கெடுப்பு. இரவு 10 மணிக்குத் தம் பகுதியில் எத்தனை வண்டிகள், எந்த வகை வண்டிகள், எங்கெங்கே நிற்கின்றன என்று தெருத்தெருவாகக் குறித்துக்கொள்ள வேண்டும். பகலில் தொழிற்கூடங்கள், சந்தை, ரயில் நிலையம் ஆகிய இடங்களில் நிற்பவற்றையும் அவ்வாறே குறிக்க வேண்டும். மின்னேற்று முனை எங்கே வேண்டும் என்பதற்கு விடை இவ்விரு பட்டியல்களிலும் அடங்கியிருக்கும்.

இரண்டாவது, அப்பகுதி டிரான்ஸ்பார்மரின் தாங்கு திறனையும் மாலை நேரச் சுமையையும் மின் வினியோகக் கம்பெனியிடமிருந்து அறிந்துகொள்வது. உல்லாஸ்நகரில் இப்பணி மகாவிதரண் நிறுவனத்தைச் சேர்ந்தது. மூன்றாவது, மக்களுக்கு அவர்களின் உரிமையை எடுத்துச் சொல்வது. வீட்டிலுள்ள மின் இணைப்பைக் கொண்டே வண்டிக்கு மின்னேற்ற 2022 ஜனவரி வழிகாட்டு விதிகள் இடமளிக்கின்றன. ஆனால் அனுமதிக்கப்பட்ட சுமையைக் கூட்டிக்கொண்டு, எர்த் இணைப்பைச் சரிபார்த்து, கசிவு மின்னோட்டத்தைக் கண்டு தானே துண்டிக்கும் சாதனத்தையும் பொருத்திக்கொண்ட பிறகே மின்னேற்ற வேண்டும். நான்காவது, வெளியேறும் வழியை அடைத்தவாறு மாடிப்படியின் கீழ் மின்னேற்றுவதைத் தடுப்பது. தீப்பற்றினால் மேல் மாடியில் உள்ளோர் இறங்க வேறு வழி இராது.

ஆசிரியர்கள் மேற்கண்ட கணக்குகளை மாணவர் தெருவின் உண்மையான எண்களைக் கொண்டு செய்விக்கலாம். டார்ச்சு விளக்கின் பாட்டரியையும் மெல்லிய கம்பியையும் கொண்டு, மின்னோட்டம் கூடும்போது வெப்பம் எவ்வாறு கூடுகிறது என்பதை வகுப்பிலேயே காட்டலாம். வீட்டுச் சாக்கெட்டில் மாணவர் எவ்விதப் பரிசோதனையும் செய்யலாகாது என்பதையும் அழுத்தமாகக் கூற வேண்டும். இரவில் பாட்டரியைப் படுக்கை அருகே மின்னேற்றக் கூடாது, ஓடி வந்த வண்டியின் சூடு தணிந்த பின்னரே மின்னேற்ற வேண்டும், வண்டியோடு வந்த மின்னேற்றியைத் தவிர வேறொன்றை உபயோகிக்கலாகாது என்னும் மூன்று விதிகளைப் பிள்ளைகள் வீட்டுக்குக் கொண்டு சென்றால், அதுவே பெரும் பயன்.

புதிதாக எழும் கட்டடங்களுக்கு 2019ஆம் ஆண்டு மாதிரிக் கட்டட விதிகள் வழி வகுத்துள்ளன. நிறுத்துமிடங்களில் 20 சதவீதத்தை மின்னேற்ற வசதியோடு அமைக்க வேண்டும் என்பது அவற்றின் கருத்து. ஆனால் உல்லாஸ்நகரைப் போன்ற ஊர்களில் மக்களில் மிகப் பலர் புதுக் கட்டடங்களில் வாழ்பவர் அல்லர். அவர்களுடைய சந்துக்கும், கடை வாயிலுக்கும், தொழிற்கூட முற்றத்துக்கும் பாதுகாப்பான சிறிய மின்னேற்று முனைகள் சென்று சேரவேண்டும். நிலையங்களின் தொகையைக் கணக்கிடும் அதிகாரி, இரவில் வண்டி நிற்கும் இடத்திலிருந்து அடுத்த மின்னேற்று முனைக்கு எத்தனை அடி தூரம் என்பதையும் கணக்கிடுவாரானால், மகாராஷ்டிரத்தில் மின்சார வண்டி எவ்வளவு தூரம் பரவியுள்ளது என்பதன் சரியான அளவு அவருக்குக் கிடைக்கும்.